ஓலீட்டா ரொட்டியைக் கடிக்க வேண்டும்

மைக்கைப் பிடிப்பதற்கு முன்னால் ஓலீட்டா ஸ்டிடம் புறங்கையால் அதை ஒரு தட்டுத் தட்டுவாள். மின்சார வேலி போட்ட மேய்ச்சல் நிலத்தில் வளர்ந்தவர்கள் கம்பியைத் தொட்டுப் பார்க்கிற அதே விதம். மழை நாள் ஒன்றில் அந்த மைக் அவள் உதட்டில் சுரீரென்று அடித்துவிட்டது. அன்றைக்கும் அவள் பாட்டை நிறுத்தவில்லை. அந்த இடத்தில் வர வேண்டிய சொல்லுக்குப் பதிலாக "ஆத்தாடி!" என்று ராகத்தோடு கத்திவிட்டு அடுத்த வரிக்குப் போய்விட்டாள். அடுத்த வாரம் அந்த "ஆத்தாடி" பாட்டை மறுபடி பாடச் சொல்லி தொலைக்காட்சி நிலையத்துக்குப் போன் வந்தது. மைக் அடிக்காமலே அந்த இடத்தில் கத்தினாள்.

மைக்கைத் தட்டிப் பார்த்த பிறகு காலணியைக் கழற்றுவாள். கெண்டக்கி மாநிலத்தில் எங்கள் லாரல் பாட்டம் ஊரின் தொலைக்காட்சி நிலையம் மலைமுகட்டில் இருக்கிறது. முன்பு அது மாட்டுத் தீவனக் கிடங்கு. பலகைத் தரையில் காலணிக் குதிகால் டொக்கு டொக்கென்று கேட்கும். "தாளம் எனக்குக் கேட்டாப் போதும், கெண்டக்கி முழுக்கக் கேக்க வேண்டாம்" என்பாள். மேலே கழுத்து மூடிய வெள்ளைச் சட்டை, நட்சத்திரம் தைத்த பாவாடை. கீழே வெறுங்கால். சனிக்கிழமை சாயங்காலம் டிவி முன்னால் உட்கார்கிறவர்கள் இடுப்புக்கு மேலேதான் பார்ப்பார்கள். ஆகவே அது அவளுக்கும் எங்களுக்கும் மட்டும் தெரிந்த சங்கதியாக இருந்தது, ஏப்ரல் மாதம் வரை.

கடைசியாகத் தன் பின்னால் நிற்கிற வாத்தியக்காரர்களைத் திரும்பிப் பார்ப்பாள். "எல்லாரும் உக்காந்தாச்சா? ஜன்னலுக்கு வெளிய கை நீட்டாதீங்க. வண்டி எடுக்கப் போறேன்." உட்கார அங்கே ஒரு நாற்காலியும் கிடையாது. ஆனாலும் பிடில் வாசிக்கிற டூயி கபர்ட், சுரங்கத்தில் இருபது வருஷம் இருந்த மனிதர், "எனக்கு ஜன்னலோர சீட்டு வேணும் அக்கா" என்று சிறுபிள்ளைக் குரலில் சொல்லுவார். சிவப்பு விளக்கு எரியும். நிகழ்ச்சி தொடங்கிவிடும்.

வாரத்தில் ஐந்து நாள் அவள் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறாள். மலையைச் சுற்றிச் சுற்றி இறங்குகிற பாதை, முதுகுக்குப் பின்னால் முப்பது பிள்ளைகள். அதனால் அடிக்கடி தலைக்கு மேலே இருக்கிற கண்ணாடியைப் பார்ப்பது அவளுக்குப் பழகிவிட்டது. ஸ்டுடியோவில் கண்ணாடி கிடையாது, கண் மட்டும் நாலு வரிக்கு ஒரு தரம் மேலே போய்வரும். பாட்டின் நடுவே அவள் சட்டென்று மேலே பார்ப்பதைக் கண்டு எங்கள் கிறிஸ்தவ சபையில் பலர், பெண்ணுக்கு எப்போதும் பரலோக நினைப்பு என்று சொல்லி மெச்சிக்கொண்டார்கள். அவளிடமே ஒருத்தி சொன்னாள். ஓலீட்டா சிரித்தாள். "இல்ல சிஸ்டர். பின் சீட்டுல எவன் எவன் முடியைப் புடிச்சு இழுக்கிறான்னு பாக்குறேன்."

அவளுடைய முதல் மேடை கால்நடை ஏலக் கொட்டகை. அப்போது வயது பதினேழு. ஏலக்காரர் தொண்டையை நனைத்துக்கொள்கிற இடைவேளையில் அவள் பாட வேண்டும். அடுத்த காளை ஏல வளையத்துக்குள் வந்துவிட்டால், எந்த வரியில் இருந்தாலும் வாயை மூடிவிட வேண்டும். "அந்தப் பாட்டுல காதலன் செத்தானா பொழைச்சானான்னு அந்த ஜனங்களுக்கு இன்னிவரைக்கும் தெரியாது அத்தை" என்று என்னிடம் சொல்லிச் சிரிப்பாள். பாட்டு நிற்கிற இடத்துக்கும் காளை வருகிற இடத்துக்கும் நடுவில் நாலு வார்த்தை பேசப் பழகியது அங்கேதான். "இந்தக் காளையைப் பாருங்க, என் பெரியப்பா சாயல்" என்பது போல ஏதாவது. அந்தப் பெரியப்பா வேலியோரத்தில் நின்று தொப்பியை ஆட்டுவார். கொட்டகை சிரிக்கும். காளைக்கு விலை கூடும்.

பிறகு விடியற்கால வானொலி. பன்றி விலை, மழை நிலவரம், சாவுச் செய்தி, இரண்டு பாட்டு. பன்றி விலையைச் சொல்வது எப்படி, சாவைச் சொல்வது எப்படி என்று ஒருநாள் எனக்குச் சொன்னாள். "விலையைச் சொல்றப்ப விக்கிறவனை நெனச்சுக்கணும். சாவைச் சொல்றப்ப அந்தச் செய்தியை இன்னும் கேக்காம சமையக்கட்டுல நிக்கிற பொம்பளையை நெனச்சுக்கணும்." அவள் படித்தது ஊர்ப் பள்ளிக்கூடம்தான். ஆனால் இந்த ஒன்றை அவளுக்கு யாரும் கற்றுக்கொடுத்ததாகத் தெரியவில்லை.

இசைத்தட்டு ஒன்றும் போட்டாள். போட்டுக் கொடுத்தவன் நடு ஓட்டையைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுவிட்டான். தட்டு சுற்றும்போது அவள் குரல் ஊஞ்சலில் உட்கார்ந்த மாதிரி மேலும் கீழும் போய் வந்தது. வேறு யாராக இருந்தாலும் அழுதிருப்பார்கள். இவள் அண்ணனுடைய டிரக்கில் அத்தனை தட்டையும் ஏற்றிக்கொண்டு பேஸ்பால் ஆட்டம் நடக்கிற இடமெல்லாம் போய் விற்றாள். வாங்கிய ஜனங்கள் அந்த ஊஞ்சலைத்தான் விரும்பினார்கள். "தட்டுல பாடுற மாதிரி பாடு பொண்ணே" என்று கேட்டார்கள். அவள் வீட்டில் உட்கார்ந்து கோணல் ஓட்டையைத் தொண்டைக்குள் கொண்டுவரப் பழகினாள். இன்றைக்கு அவள் குரலில் ஒரு நெளிவு இருக்கிறதே, எல்லாரும் மயங்குகிறார்களே, அது அந்தத் தட்டு கொடுத்தது.

குடிகாரனைப் பற்றியும் ஓடிப்போனவளைப் பற்றியும் பாடுகிறாளே என்று சபையில் சிலருக்கு வருத்தம் உண்டு. எனக்கும் முதலில் இருந்தது. "பாட்டுல குடிச்சா நாக்கு நனையாது அத்தை" என்றாள். போதகர் சனிக்கிழமை சாயங்காலத்துப் பிரசங்கத் தயாரிப்பை வெள்ளிக்கிழமைக்கு மாற்றிக்கொண்டதை நாங்கள் கவனித்தோம்.

கல்யாணப் பேச்சை எடுத்தால், "என் கிட்டாரைத் தூக்கிட்டு வர்ற ஆம்பளை இருந்தாச் சொல்லுங்க, வாங்கி வாசிச்சுக் காட்டுற ஆம்பளை வேண்டாம்" என்பாள்.

வயது இருபத்தெட்டு. முன்பல்லில் ஒரு சந்து. இதற்கு முன்னால் பெரிய ஊர்களிலிருந்து பாடகி தேடி இரண்டு பேர் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். ஒருவர் குரலில் மலைவாடை அதிகம் என்றார். இன்னொருவர் பல்லை அடைத்துக்கொண்டு வரச் சொன்னார். "அடைச்சா ராகம் எந்த வழியா வரும்?" என்று கேட்டு அவரை அனுப்பினாள். நாங்கள்தான் துக்கப்பட்டோம். அவள் படவில்லை. "நான் போவேன்னு எனக்குத் தெரியும் அத்தை. அது எப்பங்கிறதுதான் அவங்களுக்கு இன்னும் தெரியல." இதைப் பெருமையாகச் சொல்லவில்லை. ஆறு மணிக்கு பஸ் வரும் என்கிற மாதிரி சொன்னாள். பாடுவதற்கு ஆயிரம் பேர் இருக்கிறார்கள், ஒரு பாட்டுக்கும் அடுத்த பாட்டுக்கும் நடுவில் ஜனங்களோடு என்ன பேசுவது என்று தெரிந்தவர்கள் கொஞ்சம், தான் அந்தக் கொஞ்சத்தில் ஒருத்தி என்பது அவள் கணக்கு.

ஏப்ரலில் மூன்றாவது ஆள் வந்தார். பெயர் லாசிட்டர். பாட்டுக்குப் பேர்போன நாஷ்விலிலிருந்து காரில் வந்தார். மெலிந்த மனிதர், கழுத்தில் விநாடி எண்ணுகிற ஒரு நிறுத்துக் கடிகாரம் கயிற்றில் தொங்கியது. எங்கள் நிகழ்ச்சிக்குப் பணம் கொடுக்கிற வெள்ளிக் கலப்பை மாவுக் கம்பெனிக்காரர்கள் தினமும் மத்தியானம் எட்டு மாநிலத்துக்குப் போகிற மாதிரி ஒரு நிகழ்ச்சி தொடங்கப் போகிறார்களாம். பாடவும் வேண்டும், வந்தவர்களோடு பேசவும் வேண்டும், மாவையும் விற்க வேண்டும். அதற்கு ஒரு பெண்ணைத் தேடி வந்திருக்கிறார். நிலையத்தை நடத்துகிற ஹாலன் எங்களைச் சுற்றி நிற்கவைத்து இதைச் சொன்னபோது அவரே தன் கழுத்துப் பட்டியை இரண்டு தரம் சரிசெய்துகொண்டார். ஓலீட்டா மட்டும், "சரி, அப்ப இன்னிக்குக் காலைக் கழுவிட்டு வந்திருக்கலாம்" என்றாள்.

நான் அந்த மாவு விளம்பரத்துக்கு ரொட்டி சுட்டுக் கொண்டுபோகிறவள். மோர் விட்டுப் பிசைந்த சின்ன ரொட்டி, எங்கள் பக்கம் காலையிலும் ராத்திரியிலும் தின்கிறதுதான். இதுவரை ஓலீட்டா ஒரு ரொட்டியை எடுத்துப் பிட்டு, ஆவி வருவதைக் காட்டி, மாவைப் பற்றி நாலு வார்த்தை சொல்லிவிட்டுத் தட்டில் வைத்துவிடுவாள். நிகழ்ச்சி முடிந்ததும் எல்லாரும் உட்கார்ந்து அதைச் சாப்பிடுவோம். லாசிட்டர் அதை மாற்றினார்.

"பிட்டாப் போதாது மிஸ் ஸ்டிடம். கடிக்கணும். கடிச்சுட்டுச் சிரிக்கணும். சமைக்கிற பொம்பளை தன் கையால சமைச்சதைத் தின்னு பாத்தாத்தான் மத்தவங்களுக்கு நம்பிக்கை வரும்."

"நியாயந்தான்" என்றாள் ஓலீட்டா. என்னைக் காட்டி, "சுட்டது ஓர்த்தா அத்தை. ஆனா நியாயந்தான்."

பாட்டெல்லாம் பிரமாதமாகப் போயிற்று. நடுவில் அவள் பேசிய பேச்சில் மேலே கண்ணாடித் தடுப்புப் போட்ட கட்டுப்பாட்டு அறைக்குள் லாசிட்டர் சிரித்ததை நாங்கள் கீழே இருந்து பார்த்தோம். விளம்பரம் வந்தது. ஒரு நிமிஷம் அதற்கு. ஓலீட்டா மேஜைக்கு வந்தாள், ரொட்டியை எடுத்தாள், பிட்டாள், ஆவி எழுந்தது, மாவின் பெயரைச் சொன்னாள், ஒரு துண்டை வாயருகே கொண்டுபோனாள்.

அங்கே நின்றது கை. கண் மூடிக்கொண்டது. தலை குனிந்தது.

அவள் யோசித்துச் செய்யவில்லை. எங்களில் யாரும் யோசித்துச் செய்கிற காரியம் இல்லை அது. வாய்க்கு நேரே சாப்பாடு வந்தால் நன்றி ஜெபத்துக்குத் தலை தானாகக் குனியும், பால் குடிக்கிற வயதிலிருந்து அப்படி. டூயி தொப்பியைக் கழற்றினார். ஆள் உயர பாஸ் வாத்தியத்தைப் பிடித்திருந்தவனும் கழற்றினான். நான் மேஜைக்குப் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு குனிந்து நின்றேன். கேமராவைப் பிடித்துக்கொண்டிருந்த ரான்ஸ் எங்கள் சபையில் டீக்கன், போதகருக்கு உதவியாக இருக்கிறவர். ஜெபம் என்றால் இரண்டு கையையும் கோத்துக்கொள்கிறவர். பிடியை விட்டுவிட்டார். அந்தக் கேமராவுக்கு மூக்கு கனம். பிடி போனதும் அதுவும் மெல்ல மெல்லத் தலை குனிந்தது.

ஆகவே எங்கள் ஒளிபரப்பு எட்டுகிற மூன்று மாவட்டத்திலும் வெள்ளிக் கலப்பை மாவு விளம்பரத்தில் அன்றைக்கு ஜனங்கள் பார்த்தது ஓலீட்டாவின் வெறுங்காலை. சத்தம் ஒன்றும் இல்லை. மேலே ஹாலனும் குனிந்திருந்தார் என்று அவரே சொன்னார். கண் திறந்திருந்த ஒரே ஆள் லாசிட்டர்தான். அவர் தன் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஆமென்" என்றாள் ஓலீட்டா. எல்லாரும் "ஆமென்" என்றோம். ரான்ஸ் பதறிக் கேமராவைத் தூக்கினார். அவள் நன்றாகக் கடித்தாள். பிறகு மென்றாள். வாயில் உணவோடு பேசினால் எங்கள் பக்கம் பெற்றவளைத்தான் சொல்வார்கள், அதனால் முழுதும் மென்று விழுங்கும்வரை கேமராவைப் பார்த்துத் தலையாட்டிக்கொண்டே நின்றாள். விழுங்கிச் சிரித்தபோது விளம்பர நேரம் முடிந்து வெகுநேரம் ஆகியிருந்தது. கடைசிப் பாட்டுக்கு வைத்திருந்த நேரத்தில் பாதிக்கு மேல் போய்விட்டது.

லாசிட்டர் இறங்கி வந்தார். கத்துவார் என்று நினைத்தோம். கத்தவில்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது.

"மிஸ் ஸ்டிடம், நீங்க பாடுறீங்க. பேசுறீங்க. ஜனங்க உங்களை நம்புவாங்க. இதெல்லாம் நான் தேடி வந்ததுதான். ஆனா எட்டு மாநிலத்துக்குப் போற நிகழ்ச்சியில ஒரு நிமிஷம்னா அது ஒரு நிமிஷம். அதை உங்களால காப்பாத்த முடியுமான்னு எனக்குத் தெரியணும். அடுத்த சனிக்கிழமையும் வர்றேன். அதுதான் கடைசி. கடிங்க, சிரிங்க, பேசுங்க. ஜெபம் வேண்டாம்."

"ஜெபத்துக்கு எத்தனை விநாடி குடுப்பீங்க?" என்று அவள் கேட்டாள். உண்மையாகவே கேட்டாள், பேரம் பேசுகிறவள் மாதிரி.

"ஒண்ணும் கிடையாது."

"ஒண்ணுமில்லாத நேரத்துல கோழிக்கறிக்குக்கூடக் கர்த்தருக்கு நன்றி சொல்ல முடியாதே சார்."

"விளம்பரத்துல கோழி இல்ல" என்றார் லாசிட்டர். தொப்பியை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

அவர் போனதும் ஆளுக்கொரு யோசனை. ஹாலன் சொன்னார்: "கடிக்கிற மாதிரி பாவனை பண்ணும்மா. கேமராவுக்கு என்ன தெரியப்போவுது?" ஓலீட்டா தலையை ஆட்டினாள். கடித்த மாதிரி நடித்தால் அதைப் பார்த்து மாவு வாங்குகிறவளை ஏமாற்றின மாதிரி. டூயி சொன்னார்: "கடிச்சு வாய்க்குள்ள வெச்சுக்க. விழுங்காத. விழுங்காதது சாப்பாட்டுக் கணக்குல வராது." "உங்க புகையிலை மாதிரியா மாமா?" என்றாள். ரான்ஸ் டீக்கன், வேதத்தில் தடை ஒன்றும் இல்லை என்று தொடங்கி, "காலையிலயே அன்னிக்கு நாள் முழுசுக்கும் சேத்து ஜெபம் பண்ணிரு சிஸ்டர்" என்றார்.

"காலையில ஒரு தடவை பிரேக் போட்டுட்டேன்னு நாள் பூரா பிரேக் போடாம வண்டி ஓட்ட முடியுமா டீக்கன்?"

டீக்கனுடைய பேத்தி அந்த பஸ்ஸில்தான் போகிறாள்.

மறுநாள் சபையில் ஓலீட்டாவைச் சுற்றி ஒரே கூட்டம். டிவி முன்னால் இருந்தவர்களும் அந்த நேரம் தலை குனிந்தார்களாம். "எங்க தட்டுல ஒண்ணும் இல்ல, ஆனாலும் குனிஞ்சோம்" என்றார்கள். பின் வரிசை பெர்னிஸ் கிழவி மட்டும் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "காலைக் காட்டுறதுன்னு முடிவு பண்ணிட்டா நகத்தை வெட்டிக்க வேண்டாமாடி?" என்று கேட்டாள். போகாதே, அவர்களுக்கு விட்டுக்கொடுக்காதே, நமக்கு நீ இங்கேயே போதும் என்று இரண்டு பேர் அழுதார்கள். எனக்கும் அதே நினைப்புத்தான். ஆனால் ஓலீட்டா, "இங்க இருக்கிறதுன்னா இருக்க ஆசைப்பட்டு இருக்கணும் சிஸ்டர். கதவை மூடிட்டாங்கன்னு இருக்கக் கூடாது" என்றாள்.

வியாழக்கிழமை பஸ்ஸை நிறுத்திவிட்டு என் சமையலறைக்கு வந்தாள். ரொட்டி கேட்டாள். கொடுத்தேன். ஜெபித்துவிட்டு ஒரு வாய் கடித்தாள், மென்றாள், பேசிப் பார்த்தாள், இருமினாள். இன்னொன்று. "பொடி தொண்டையில நிக்குது அத்தை. இன்னும் கொஞ்சம் கொழுப்புப் போட்டுப் பிசைங்க. வெண்ணெயை உருக்கித் தடவிக் குடுங்க, வழுக்கிட்டுப் போவட்டும். அளவு சின்னதா, பாதி ரொட்டி ஒரு வாயில போற மாதிரி." நாலாவது ரொட்டியில் கடிப்பதும் விழுங்குவதும் சிரிப்பதும் ஒரே ஓட்டமாக வந்துவிட்டது. வளைவில் கியர் மாற்றுகிற மாதிரி ஒரு சத்தமும் இல்லாமல். அவள் முகத்தைப் பார்த்தேன். சந்தோஷமாக இருந்தாள். நான் வெண்ணெய்ச் சட்டியை அடுப்பிலிருந்து இறக்கி வைத்துவிட்டுக் கேட்டேன்.

"ஓலீட்டா, அன்னிக்கு ஜெபம் பண்ணப் போறியா, மாட்டியா?"

வாயைத் துடைத்துக்கொண்டாள். "கர்த்தருக்கும் லாசிட்டருக்கும் நான் சண்டை மூட்டிவிட மாட்டேன் அத்தை. ரெண்டு பேருக்கும் வேண்டியது வேற வேற நேரம்." மீதி ரொட்டியைப் பிள்ளைகளுக்கென்று பையில் போட்டுக்கொண்டு போய்விட்டாள்.

சனிக்கிழமை வந்தது. லாசிட்டர் மேலே போய் உட்கார்ந்தார். ரான்ஸ் டீக்கன் இந்தத் தடவை கேமராவின் பிடியைத் தன் இடுப்பு வாரோடு சேர்த்துக் கட்டியிருந்தார். ஓலீட்டா புதிதாக ஒரே ஒரு மாற்றம் கேட்டிருந்தாள். விளம்பரத்துக்கு முன்னால் தன் பாட்டு வேண்டாம், டூயி மாமாவின் பிடில் வரட்டும் என்று. அது யாருக்கும் பெரிய விஷயமாகத் தெரியவில்லை.

டூயி வேகமான ஆட்டப் பாட்டு ஒன்றை எடுத்தார். கேமரா அவர் கையையும் முகத்தையும் நெருங்கிப் போனது. அந்த வெளிச்சத்துக்கு வெளியே ஓலீட்டா கிட்டாரைச் சத்தமில்லாமல் கீழே வைத்தாள். இருட்டில் நடந்து மேஜைக்கு வந்தாள், என் பக்கத்தில் நின்றாள், ரொட்டித் தட்டின் மேல் தலை குனிந்து கண்ணை மூடினாள். நான் குனிந்தேன். பாஸ்காரன் ஒரு கையால் கம்பியைத் தட்டிக்கொண்டே மறு கையால் தொப்பியைக் கழற்றினான்.

டூயி அதைப் பார்த்துவிட்டார். அவருக்கு இரண்டு கையிலும் வேலை. ஜெபம் நடக்கிற இடத்தில் தலையில் தொப்பியோடு இருக்கவும் அவரால் முடியாது. அந்த மனிதர் வாசிப்பதை விடாமல் தலையை ஓர் உதறு உதறினார். தொப்பி நகரவில்லை. இன்னும் பலமாக உதறினார். மூன்றாவது உதறலில் அது பறந்து கேமராவுக்கு முன்னாலேயே போய் விழுந்தது. டிவி பார்த்த ஜனங்கள் அவர் வாசிப்பின் வேகத்தில் தொப்பி பறந்தது என்று நினைத்துக்கொண்டார்கள். மேலே லாசிட்டர் எழுந்து நின்று கைதட்டினாராம்.

பிடில் முடிந்தது. கேமரா மேஜைக்குத் திரும்பியபோது ஓலீட்டா தலை நிமிர்ந்து காத்திருந்தாள். பிட்டாள். ஆவி எழுந்தது. கடித்தாள், விழுங்கினாள், பல்லின் சந்து தெரியச் சிரித்தாள். மாவைப் பற்றிச் சொல்ல வேண்டியதெல்லாம் சொல்லியும் நேரம் மிச்சம் இருந்தது. அந்த மிச்சத்தையும் அவள் வீணாக்கவில்லை. "வீட்ல அடுப்புல ரொட்டி வெச்சுட்டு டிவி முன்னால வந்து நின்னுக்கிட்டு இருக்கீங்களே, ஓடுங்க, கருகப் போவுது" என்றாள். எத்தனை பேர் ஓடினார்கள் என்று ஞாயிற்றுக்கிழமைதான் எங்களுக்குத் தெரிந்தது. சொன்ன விநாடிக்கு விளம்பரம் முடிந்தது.

சிவப்பு விளக்கு அணைந்த பிறகு லாசிட்டர் படியிறங்கி வந்தார். கழுத்துக் கடிகாரத்தைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டிருந்தார். மேஜையைச் சுற்றி நாங்கள் எல்லாரும் நின்றோம், ஹாலன், டூயி, ரான்ஸ், பாஸ்காரன், நான்.

"செப்டம்பர்ல தொடங்குறோம்" என்றார். "எட்டு மாநிலம். உங்க பேர்ல நிகழ்ச்சி. வர்றீங்களா?"

"பஸ்ஸுக்கு வேற ஆள் பாத்துக் குடுத்துட்டு வர்றேன். வளைவு தெரிஞ்ச ஆளா இருக்கணும்."

"பாருங்க."

"டூயி மாமாவும் வருவாரு."

லாசிட்டர் டூயியைப் பார்த்தார். "தொப்பியோட வரட்டும்" என்றார்.

அப்போதுதான் ஹாலன் சிரித்தார். எல்லாரும் சிரித்தோம். டூயி திரும்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தார். லாசிட்டருக்கும் பாரம் இறங்கியிருக்க வேண்டும். பாவம், மத்தியானத்திலிருந்து அவர் ஒன்றும் சாப்பிட்டிருக்கவில்லை. தட்டில் மீதி இருந்ததில் ஒன்றை எடுத்தார். வெண்ணெய் அவர் விரலில் வழிந்தது. வாயைத் திறந்தார்.

ஓலீட்டா கையை நீட்டினாள். குழந்தையின் கையிலிருந்து கத்தரிக்கோலை வாங்குகிற மாதிரி மெதுவாக அந்த ரொட்டியை அவர் விரல்களிலிருந்து எடுத்துத் தட்டிலேயே திரும்ப வைத்தாள். வெண்ணெய் பட்ட அந்தக் கையை விட்டுவிடாமல் தன் கைக்குள் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடித் தலை குனிந்தாள்.